விட்ட நாள் மாத்திரை

கழுத்து வலிக்கிறது மேடம். இடது தோளில் தொடங்கிக் காதுக்குப் பின்னால் வந்து நிற்கிறது. வழக்கமாக ஒரு மாத்திரை போட்டால் அடங்கிவிடும். முந்தாநாளிலிருந்து போடவில்லை. ஏன் என்று கடைசியில் சொல்கிறேன். இப்போதே சொன்னால் பெரிய தியாகம் மாதிரித் தெரியும். அப்படி ஒன்றுமில்லை.

உட்கார்ந்தே வேலை செய்வதால் வருகிற வலி. எங்கள் வீட்டில் வேறு யாருக்கும் இது வந்ததில்லை. அப்பாவுக்கு முதுகு, அம்மாவுக்கு உச்சந்தலை, அக்காவுக்கு முட்டி. நான் கழுத்தைப் பிடித்துக்கொண்டு முனகினால் பவுனு அக்காவுக்குச் சிரிப்பு வந்துவிடும். "கல்லு சொமந்தவ நானு, கழுத்து வலி ஒனக்கா? அந்தக் கம்ப்யூட்டர் பட்டன் அவ்ளோ கனமாடா இருக்குது?" என்பாள். சந்து முழுக்கக் கேட்கும்.

நீங்கள் கேட்டது ஒரே கேள்விதான். பவுனு என்கிற நோயாளியின் ஃபைலில், ரத்தம் உறையாமல் இருக்கக் கொடுக்கும் மாத்திரையின் பக்கவிளைவு என்று ஏன் குறித்தாய் என்று கேட்டீர்கள். அட்மிஷன் அன்று எடுத்த டெஸ்டில் ரத்தம் அந்த அளவுக்குத் தண்ணீராகிக் கிடந்ததே, சரியான அளவில் சாப்பிட்டால் அப்படி ஆகுமா என்றும் கேட்டீர்கள். மருந்துப் பாதுகாப்புக் கமிட்டியில் இருக்கிறீர்கள், கேட்பது உங்கள் வேலை. உங்களைத் தவிர யாரும் கேட்கவில்லை. ஜோதிலிங்கம், உனக்கு இந்த நோயாளி சொந்தமா என்றுகூட யாரும் கேட்கவில்லை. தமிழர்கள் குடும்பப் பெயரில்லாமல் இனிஷியல் வைத்து எழுதுவதால் பெயரைப் பார்த்துச் சொந்தத்தைக் கண்டுபிடிக்க இந்த டில்லியில் யாராலும் முடியாது.

எழுதிக் கொடுக்கலாம் என்றுதான் நினைத்தேன். தமிழ் பேச வரும், படிக்க வராது என்று நீங்கள் சொன்னீர்கள். இங்கே மோதி பாக்கில் வளர்ந்தவர் நீங்கள். உங்கள் வீட்டிலிருந்து நடக்கிற தூரத்தில் இருந்த பள்ளியில்தான் நான் தமிழில் படித்தேன். நீங்கள் வேறு பள்ளிக்குப் போயிருப்பீர்கள். ஆங்கிலத்தில் எழுதினால் நாலு வரியில் முடிந்துவிடும். அது போதாது. அதனால் வாயால் சொல்கிறேன்.

முதலில் எங்கள் வேலை. டாக்டர்கள் அதைப் பற்றி அதிகம் யோசிப்பதில்லை. நோயாளி நடந்து போனாலும் தூக்கிக்கொண்டு போனாலும், போன பிறகு ஃபைல் கீழ்த்தளத்துக்கு வரும். அதில் இருப்பதை நாங்கள் குறியீடாக மாற்றுவோம். இன்ஷூரன்ஸ்காரனுக்கு அது வேண்டும், உங்கள் கமிட்டிக்கும் அது வேண்டும். இந்த மாத்திரையால் ரத்தம் கசிந்து வந்தவர்களுக்கு இரண்டு அறை உண்டு. சரியான மாத்திரை, சரியான அளவு, சரியாகச் சாப்பிட்டும் ரத்தம் கசிந்தது என்றால் ஓர் அறை. அதற்குப் பெயர் பக்கவிளைவு. அந்த அறையில் குற்றவாளி கிடையாது. உடம்பு அப்படி, மருந்து அப்படி, அவ்வளவுதான். அளவு தப்பு, ஆள் மாறிச் சாப்பிட்டார், யாரோ தப்பாகச் சொல்லிக் கொடுத்தார் என்றால் அது விஷத்தோடு சேர்ந்த அறை. அங்கே போனால் கேள்வி வரும். தெரியாமல் நடந்ததா, தானே செய்துகொண்டதா, இன்னொருவர் வேண்டுமென்று செய்ததா. ஒவ்வொன்றுக்கும் தனிக் குறியீடு இருக்கிறது. கடைசியாகச் சொன்னதை நான் வேலைக்குச் சேர்ந்ததிலிருந்து ஒருமுறைகூடப் போட்டதில்லை.

இன்னொரு விதி. கோடிங் செய்கிறவன் ஊகிக்கக் கூடாது. டாக்டர் எழுதியிருந்தால் நடந்தது, எழுதவில்லை என்றால் நடக்கவில்லை. சந்தேகம் இருந்தால் டாக்டருக்குக் கேள்வி அனுப்பலாம். கேள்வி வந்தால் டாக்டர் பதில் சொல்லியே ஆக வேண்டும். இந்த முறை நீங்கள் எனக்கு அனுப்பிவிட்டீர்கள். விதி ஒன்றுதான், பதில் சொல்கிறேன்.

பவுனு என் அக்கா. எங்கள் ஊர் கள்ளக்குறிச்சிப் பக்கம். அப்பாவும் அம்மாவும் டில்லிக்குக் கட்டட வேலைக்கு வந்தவர்கள். அக்காவுக்குப் பால்பற்கள் விழுகிற வயதில் காய்ச்சல் வந்து முட்டி வீங்கியது. சைட்டில் வேலை செய்கிற பிள்ளைகளுக்கெல்லாம் முட்டி வீங்கும் என்று விட்டுவிட்டார்கள். அந்தக் காய்ச்சல் முட்டியை விட்டுவிட்டு இதயத்தைப் பிடித்தது. வால்வு கெட்டுப்போனது ரொம்ப நாள் கழித்துத்தான் தெரிந்தது. அதற்குள் அப்பாவும் அம்மாவும் போய்ச் சேர்ந்துவிட்டார்கள், அவள் செங்கல் சுமந்து என்னைப் படிக்க வைத்திருந்தாள். மூச்சு வாங்க வாங்கத்தான் சுமந்தாள். அதை அவள் ஒருநாளும் சொல்லிக்காட்டியதில்லை. சந்துதான் சொல்லும். நான் ஐடி கார்டு மாட்டிக்கொண்டு வெளியே வந்தால் போதும். "அக்கா தலையில ஏறித்தான்டா நீ கம்ப்யூட்டருக்குப் போன, மறந்துடாத." தண்ணீர் பிடிக்கிற இடத்தில் ஒருத்தி, டீக்கடையில் ஒருத்தன். நல்ல மனதோடுதான் சொன்னார்கள்.

சர்க்கார் ஆஸ்பத்திரியில் இலவசமாக இரும்பு வால்வு வைத்தார்கள். நல்ல வால்வு. ஆனால் அந்த இரும்பில் ரத்தம் உறைந்து ஒட்டிக்கொள்ளும். ஒட்டாமல் இருக்க ஆயுசுக்கும் மாத்திரை. குறைந்தால் உறைந்துவிடும், கூடினால் எங்காவது கசிந்துவிடும். இரண்டுக்கும் நடுவில் ஒரு கயிறு மாதிரி, அதன் மேல் நடக்க வேண்டும். பதினைந்து நாளுக்கு ஒருமுறை ரத்தம் கொடுத்து டெஸ்ட் பார்த்து, டாக்டர் அளவைக் கூட்டுவார், குறைப்பார். சீட்டு ஆங்கிலத்தில் இருக்கும். அக்காவுக்கு எந்த மொழியும் படிக்கத் தெரியாது. நான் படித்துச் சொல்வேன், அவள் அதன்படி செய்வாள். கீரை தின்னக் கூடாது என்றார்கள், அன்றோடு கீரையை விட்டாள். நான் சொன்னதில் ஒன்றைக்கூட அவள் மீறியதில்லை. இது முக்கியம் என்பதால் சொல்கிறேன்.

டெஸ்ட் செவ்வாய்க்கிழமைகளில். விடிவதற்கு முன் வரிசையில் நிற்க வேண்டும். டில்லியில் செவ்வாய் என்றால் உங்களுக்குத் தெரியும், ஆஸ்பத்திரி கேட்டுக்கு வெளியே அனுமார் பக்தர்கள் பெரிய அண்டாவில் பூரி, உருளைக்கிழங்கு வைத்துக்கொண்டு எல்லோருக்கும் கொடுப்பார்கள். ரத்தம் கொடுத்த கையில் பஞ்சை அமுக்கிக்கொண்டு அக்கா நேராக அங்கேதான் போவாள். இலைத் தொன்னையை வாங்கிவிட்டு, "பையா, ஏக் அவுர் தே தோ, மேரா பாயி கடா ஹை", இன்னொன்று கொடு, என் தம்பி நிற்கிறான் என்று என்னைக் காட்டுவாள். நான் கழுத்தில் கார்டோடு நிற்பேன். அதைச் சட்டைக்குள் விட்டுக்கொள்வேன்.

"வாங்கித் தின்னுடா, சூடா இருக்குது."

"வேணாங்க்கா. ஆபீஸ் போய்ச் சாப்புட்டுக்கிறேன்."

"ஆபீஸ்ல ஒனக்கு அனுமாரு வந்து ஊட்டுவாரா?" என்று இரண்டையும் அவளே தின்பாள். நன்றாகத் தின்பாள். அந்தப் பூரிக்காகவே டெஸ்டுக்கு வருகிறாளோ என்று எனக்குத் தோன்றும்.

எனக்கு அவள்மேல் கோபம் இல்லை. இதைப் போலீஸ் நம்பாது. நீங்கள் நம்பலாம். எனக்கு அலுப்பாக இருந்தது. அவ்வளவுதான். மாதத்துக்கு இரண்டு செவ்வாய் பாதி நாள் லீவு கேட்பேன். ஹம்சா மேடம் எங்கள் டீம் லீட், உங்களுக்குத் தெரியும். கோல் மார்க்கெட் சர்க்கார் குவார்ட்டர்ஸில் வளர்ந்த தமிழ்க்காரர், மரியாதையாகத்தான் பேசுவார். "ஜோதி, உன் வேலையில ஒரு தப்பு காட்ட முடியாது. எனக்கு அப்புறம் என் சீட்டுக்கு உன் பேரைத்தான் கொடுக்கலாம்னு இருக்கேன். ஆனா ஆடிட் எல்லாம் செவ்வாய்க்கிழமைதானேப்பா வருது. அக்காவை அழைச்சிட்டுப் போக வேற யாரும் இல்லையா?" என்றார். யோசித்துப் பார்த்தேன். வேறு யாரும் இல்லை.

அந்தப் பதவிக்காகச் செய்தேன் என்று எடுத்துக்கொள்ளாதீர்கள். அந்தச் சீட்டில் இன்னும் ஹம்சா மேடம்தான் இருக்கிறார். எனக்கு ஒரு செவ்வாய்க்கிழமை வேண்டியிருந்தது. எழுந்து, டீ குடித்து, யாருக்கும் எதுவும் செய்ய வேண்டியில்லாத ஒரு காலை.

மழைக்காலம் முடிகிற சமயம் மாத்திரை தீர்ந்தது. தீர்ந்துவிட்டது என்று அக்கா சொன்னாள், வாங்கி வருகிறேன் என்றேன். மறந்துவிட்டேன். மறுநாளும் மறந்தேன். மூன்றாம் நாள் அவள் கேட்கவில்லை, வேலையில் இருந்து களைத்து வந்திருக்கிறான் பாவம் என்று விட்டிருப்பாள். சாணக்யபுரியில் ஒரு வீட்டில் பாத்திரம் தேய்க்கப் போய்க்கொண்டிருந்தாள். அந்த வீட்டில் யாரையும் கேட்கவும் அவளுக்குத் தெரியாது. ஒரு வாரத்துக்கு மேல் அவள் மாத்திரை இல்லாமல் இருந்தாள். ஒன்றும் ஆகவில்லை. அது ஒரு வகையில் எனக்கு ஆச்சரியமாக இருந்தது. நாங்கள் இத்தனை செவ்வாய்க்கிழமைகளை எதற்குக் கொடுத்தோம் என்று தோன்றியது.

பிறகு வாங்கி வந்தேன். அட்டையைக் கையில் வைத்துக்கொண்டு அக்கா கேட்டாள்.

"தம்பி, விட்ட நாளுக்கு எல்லாம் என்னா பண்றது? சேத்துப் போட்டுக்கவா?"

இதை நீங்கள் புரிந்துகொள்ள வேண்டும் மேடம். சைட்டில் வளர்ந்தவர்கள் மட்டும் கேட்கிற கேள்வி இது. வேலைக்கு வராத நாளின் ஹாஜிரி, அந்த நாள் கூலிக் கணக்கு, போய்விடும். மேஸ்திரி நல்லவனாக இருந்தால், மறுநாள் வெளிச்சம் இருக்கிறவரை கூட நின்று அந்த ஹாஜிரியைச் சரிக்கட்டிக்கொள்ளலாம். விட்டதை அடைக்காமல் அடுத்த நாளைத் தொடங்கினால் அக்காவுக்குத் தூக்கம் வராது. மாத்திரையையும் அவள் அப்படித்தான் பார்த்தாள். விட்ட நாள் விட்டதுதான், சேர்த்துப் போடக் கூடாது என்று எந்த நர்ஸும் சொல்வாள். எனக்கு அது நன்றாகத் தெரியும். அப்படிச் சேர்த்துப் போட்டவர்களின் ஃபைல்களை நான் கையால் தொட்டிருக்கிறேன்.

நான் லேப்டாப்பைப் பார்த்துக்கொண்டிருந்தேன். "ம்" என்றேன்.

அதுதான் முதல். ஒரு எழுத்து. அந்த "ம்"மை நான் வேண்டுமென்று சொன்னேனா என்று பல நாள் யோசித்தேன். கவனிக்காமல் சொன்னதாகத்தான் நினைத்திருந்தேன். ஆனால் அவள் என்ன கேட்டாள் என்பது வார்த்தைக்கு வார்த்தை எனக்கு ஞாபகம் இருக்கிறது. கவனிக்காதவனுக்கு அது ஞாபகம் இருக்காது.

டெஸ்டுக்குப் போக வேண்டிய செவ்வாய் வந்தது. அக்கா சீக்கிரமே எழுந்து தலை வாரிக்கொண்டு என்னை எழுப்பினாள். "அக்கா, இனிமே அடிக்கடி வர வேணாம்னு டாக்டர் சொல்லிட்டார். மூணு மாசத்துக்கு ஒருவாட்டி போதுமாம்," என்றேன். 

"எப்ப சொன்னாரு?"

"போன்ல."

"நல்ல மனுசன்," என்றாள். "அப்ப பூரியும் இல்ல," என்று சிரித்துவிட்டு அடுப்பைப் பற்றவைக்கப் போனாள். நான் திரும்பிப் படுத்துத் தூங்கினேன். நல்ல தூக்கம். அப்படித் தூங்கி ரொம்ப நாளாகியிருந்தது.

விட்ட நாட்களையெல்லாம் அவள் அடைத்து முடித்தாள். ஒரு நாள் காலையில் விரலை மடக்கி எண்ணிவிட்டு, "பாக்கி தீந்துதுடா. நாளையிலேர்ந்து ஒண்ணு போதுமில்ல?" என்று கேட்டாள். இந்த இடத்தில் நிறுத்தியிருக்கலாம். நிறுத்தியிருந்தால் நீங்களும் நானும் இப்படி உட்கார்ந்திருக்க மாட்டோம்.

"இல்லக்கா. ரெண்டாவே போடச் சொல்லியிருக்கார்," என்றேன்.

"அச்சா," என்றாள். அவ்வளவுதான். வேறு கேள்வி இல்லை.

எல்லாம் ஃபைலில் வருகிற வரிசைப்படியே வந்தது. பல் தேய்க்கும்போது ரத்தம் வருகிறது என்றாள், மெதுவான பிரஷ் வாங்கிக் கொடுத்தேன். முழங்கைக்கு மேல் நீலமாகக் கன்றிப்போனது. பக்கத்து வீட்டுத் தீனா பெயிண்ட் அடிக்கிறவன், வாய் சும்மா இருக்காது. "இன்னாக்கா, சாணக்யபுரியில எந்தச் சேட்டு கிள்ளுனான்?" என்று கேட்டான். "கிள்ளுற வயசுலயே ஒருத்தனும் கிள்ளல, இப்பத்தான் கிள்றானா, போடா," என்றாள். சந்தே சிரித்தது. நானும் சிரித்தேன். அந்த நீலத்துக்கு எங்களிடம் என்ன குறியீடு என்பது சிரிக்கும்போதே எனக்கு மனதில் வந்துபோனது. வேலைப் பழக்கம்.

பிறகு ஒரு நாள், சொல்லக் கூச்சப்பட்டுக்கொண்டே சொன்னாள். "வவுறு சரியில்லடா. கறுப்பாப் போவுது. ரோட்டுக்கு ஊத்துற தாரு மாதிரி." அவள் தார் ரோடு வேலையும் செய்திருக்கிறாள், உவமை சரியாக இருந்தது. நாங்கள் ஃபைலில் ஆங்கிலத்தில் படிப்பதும் அதே தார்தான். குடலில் ரத்தம் கசிந்தால் அப்படித்தான் போகும். "வெளிச்சாப்பாடு எதாச்சும் தின்னியா?" என்று கேட்டேன். ஐயோ, வேலை செய்கிற வீட்டில் மிச்சமான பனீர் கொடுத்தார்கள், தின்றுவிட்டேன் என்று தப்பு செய்தவள் மாதிரிச் சொன்னாள். பனீரை நிறுத்து என்றேன். நிறுத்திவிட்டாள்.

அப்போதுதான் அவள் முட்டி வலி அதிகமானது. டில்லியில் குளிர் தொடங்கும்போது அவளுக்கு அது வரும். சைட்டில் சாயங்கால டீயோடு மேஸ்திரி எல்லோருக்கும் வலி மாத்திரை கொடுப்பான், மறுநாள் ஆள் வர வேண்டுமே என்று. ஒரே அட்டை, கை மாறிக் கை மாறிப் போகும். அக்காவுக்கு அது பழகினதுதான். வால்வு வைத்த பிறகு அதைத் தொடவே கூடாது என்று டாக்டர் சொல்லியிருந்தார். நான்தான் அதை அவளுக்குப் படித்துச் சொன்னேன். மருந்துக் கடையில் கண்ட மாத்திரையை வாங்காதே, அது ரத்தத்தை இன்னும் கசியவிடும், வயிற்றையும் புண்ணாக்கும் என்று. அதனால் முட்டியைத் தேய்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள், கேட்கவில்லை.

நான் என் பையைத் திறந்து என் கழுத்து வலி மாத்திரை அட்டையை எடுத்துக் கொடுத்தேன்.

"இது ஆவாதுன்னு சொன்னியேடா?"

"அது வேற. இது புதுசு. இது போடலாம்."

அவள் அட்டையைத் திருப்பித் திருப்பிப் பார்த்தாள். படிக்கத் தெரியாதவள் என்ன பார்த்தாள் என்று தெரியவில்லை. "ஒனக்கு வேணுமே," என்றாள். "நான் வேற வாங்கிக்கிறேன்," என்றேன். இரண்டு நாளில் முட்டி நன்றாக இருக்கிறது என்றாள். சந்தில் இறங்கி நடந்து காட்டினாள். என் தம்பி பெரிய ஆஸ்பத்திரியில் வேலை செய்கிறான், அவனுக்குத் தெரியாத மருந்தா என்று தீனாவின் பெண்சாதியிடம் பெருமையாகச் சொன்னாள்.

தீபாவளிக்கு முந்தின வாரம் ரத்தமாக வாந்தி எடுத்தாள். தீனாதான் ஆட்டோ பிடித்தான். அவளுக்கு வால்வு வைத்த சர்க்கார் ஆஸ்பத்திரி பக்கத்தில்தான் இருக்கிறது. அவள் கார்டு, பழைய டெஸ்ட் எல்லாம் அங்கே. "அங்கதான போறோம்?" என்று தீனா கேட்டான். வேண்டாம், நான் வேலை செய்கிற இடத்துக்கே போகலாம், ஸ்டாஃப் குடும்பத்துக்கு நன்றாகப் பார்ப்பார்கள் என்றேன். பாசத்தைப் பார் என்று தீனா நினைத்தான். நான் வேறொன்றை நினைத்தேன். அங்கே போனால் அவள் செவ்வாய்க்கிழமைகளில் வராமல் போனது தெரியும். இங்கே வந்தால் ஃபைல் என் மேசைக்கு வரும்.

எமர்ஜென்சியில் இருந்த டாக்டர் சின்னப் பையன், நல்லவன். வேகமாகக் கேட்டான். என்ன மாத்திரை, எத்தனை, சரியாகச் சாப்பிடுகிறாரா, வேறு ஏதாவது மாத்திரை எடுத்தாரா. ஸ்ட்ரெச்சரில் அக்கா கண்ணைத் திறந்துகொண்டுதான் இருந்தாள். ஹிந்தியில் கேட்டதால் அவளுக்கும் புரிந்தது. நான் சொன்னேன்: சீட்டில் இருக்கிறபடி ஒன்று, நானே என் கையால் கொடுக்கிறேன், ஒரு நாளும் தவறியதில்லை, வேறு எதுவும் எடுப்பதில்லை.

அக்கா என்னைப் பார்த்தாள். இரண்டு என்று அவள் சொல்லியிருக்கலாம். வாயில் ரத்தம் இருந்தது, ஆனால் பேச்சு இருந்தது. அவள் டாக்டரைப் பார்த்து, "ஹான் ஜி, பாயி டீக் போல்தா ஹை," என்றாள். தம்பி சொல்வது சரி என்று.

அவளுக்குப் புரிந்துவிட்டதா, இல்லை எப்போதும் போல நான் சொன்னதை நம்பினாளா என்று எனக்குத் தெரியாது. ஊகிக்கக் கூடாது என்பது விதி. நான் ஊகிக்கவில்லை.

ரத்தம் ஏற்றினார்கள். பிளட் பேங்கில் பதிலுக்கு ஆள் கேட்டார்கள், ஏற்றுகிற ஒவ்வொரு யூனிட்டுக்கும் ஒருவர். தீனா போன் செய்து சந்திலிருந்து ஆட்களைக் கூட்டி வந்தான். வேலையை விட்டுவிட்டு, சிமென்ட் கையோடு வந்தார்கள். பாதிப் பேரை அங்கே திருப்பி அனுப்பினார்கள், அவர்கள் உடம்பில் கொடுக்கிற அளவுக்கு ரத்தம் இல்லை. தீனாவையும் வேண்டாம் என்றார்கள். "இருபது வருசமா சுவத்துக்கு அடிச்சதெல்லாம் உள்ளதான் போயிருக்குது, பெயிண்ட்டா எடுத்துக்கோ பையா," என்று சண்டை போட்டான். அவன் அழுதுகொண்டே அப்படிப் பேசினான். ஒரு யூனிட் குறைந்தது. என் ரத்தமும் அக்கா ரத்தமும் ஒரே குரூப், நான் ஆரோக்கியமாக இருக்கிறேன். கவுண்டரில் இருந்தவர் கேட்டபோது, வலி மாத்திரை சாப்பிட்டிருக்கிறேன் என்றேன். அது உண்மை. அப்படியானால் மூன்று நாள் மாத்திரையை நிறுத்திவிட்டு வந்து கொடுங்கள் என்று என் போன் நம்பரை வாங்கிக்கொண்டு ரத்தத்தைக் கொடுத்தார்.

மறுநாள் மத்தியானம் அக்கா இறந்தாள். இந்த விவரம் உங்களிடம் இருக்கிறது.

காரியமெல்லாம் முடிந்து நான் வேலைக்கு வந்த அன்று ஃபைல் என் மேசையில் இருந்தது. சொந்தக்காரர் ஃபைலை நாங்கள் எடுக்கக் கூடாது, சொல்லித் திருப்பிக் கொடுக்க வேண்டும். நான் திறந்தேன். அந்தப் பையன் தெளிவாக எழுதியிருந்தான். மாத்திரை சரியான அளவில், தவறாமல், உறவினர் மேற்பார்வையில். எழுதியிருந்தால் நடந்தது. நான் சொன்னதை அவன் எழுதினான், அவன் எழுதியதை நான் குறித்தேன். பக்கவிளைவு. குற்றவாளி இல்லாத அறை. ஹம்சா மேடம் என் தோளைத் தட்டி, "இவ்வளவு துக்கத்திலயும் உன் வேலை சுத்தமா இருக்குப்பா," என்றார். உண்மையில் அது சுத்தமான வேலை. எந்த ஆடிட்டிலும் நிற்கும். உங்களுக்கு அந்த டெஸ்ட் எண் இடித்திருக்காவிட்டால் நின்றிருக்கும்.

அதற்குப் பிறகு வந்த முதல் செவ்வாய் நான் லீவு போட்டேன். எழுந்து டீ குடித்தேன். யாருக்கும் எதுவும் செய்ய வேண்டியிருக்கவில்லை. அன்று முழுக்க உட்கார்ந்திருந்தேன். சந்தில் இப்போது யாரும் என்னிடம் அந்தப் பேச்சைப் பேசுவதில்லை, அக்கா தலையில் ஏறித்தான் போனாய் என்று. பார்த்தால் ஒதுங்கி வழி விடுகிறார்கள். அக்காவைப் பறிகொடுத்தவன் என்று.

சரி. உங்கள் கேள்விக்குப் பதில். சரியான அளவில் சாப்பிட்டாரா என்று கேட்டீர்கள். இல்லை. இரண்டு மடங்கு சாப்பிட்டாள். அவளாகச் சாப்பிடவில்லை, நான் சொல்லிச் சாப்பிட்டாள். என்ன ஆகும் என்று தெரிந்து சொன்னேன். இந்த ஆஸ்பத்திரியில் என்னைவிட நன்றாக அதைத் தெரிந்தவர்கள் டாக்டர்கள் மட்டும்தான். அது மட்டும் போதவில்லை என்று வலி மாத்திரையும் கொடுத்தேன். அது விஷ அறையில் போக வேண்டிய ஃபைல். அந்த அறையிலும் கடைசிக் குறியீடு, இன்னொருவர் வேண்டுமென்று செய்தது. நான் இதுவரை போடாதது. இப்போது நான் போட முடியாது, சொந்தக்காரன். ஹம்சா மேடத்திடம் சொல்லித் திருத்தச் சொல்லுங்கள். என் கணக்கில் வருகிற முதல் தப்பு இது.

நீங்கள் போனை எடுங்கள், நான் தடுக்கவில்லை. ஒரு உதவி மட்டும். போலீஸ் வருவதற்குள் நான் மாடியில் பிளட் பேங்குக்குப் போய்விட்டு வர வேண்டும். அந்தக் கவுண்டர்காரர் வாரா வாரம் போன் செய்கிறார், பாக்கி இருக்கிறது பையா என்று. நாளை வருகிறேன் என்று சொல்லிக்கொண்டே இருந்தேன். முந்தாநாள் நீங்கள் இன்றைக்கு வந்து பார் என்று சொல்லி அனுப்பியதும் மாத்திரையை நிறுத்திவிட்டேன். இன்று மூன்றாவது நாள். கழுத்து வலிப்பது அதனால்தான். காவலில் வைத்துவிட்டால் ரத்தம் எடுப்பார்களோ என்னவோ.

ஒரு யூனிட் ரத்தம். அக்கா சுமந்தது, படிக்க வைத்தது எல்லாம் அவளோடு முடிந்துவிட்டது. இதையும் கொடுத்துவிட்டால் நான் யாருக்கும் எதுவும் பாக்கி இல்லை மேடம்.